மொத்தம் எவ்வளவு? ராமநாதபுரம் கடற்கரையில் முதன்முறை வீட்டுக் கடன் வாங்குவோருக்கான கணக்கு வழிகாட்டி

வங்கியில் போய் உட்கார்ந்ததும் பெரும்பாலோர் கேட்பது, "மாசம் எவ்வளவு கட்ட வரும் சார்?" என்றுதான். இந்தக் கேள்விக்கான பதிலை எவ்வளவு வேண்டுமானாலும் சின்னதாக்கிக் காட்டலாம். வருடத்தை நீட்டினால் போதும். கேட்க வேண்டியது வேறு: கடைசித் தவணை கட்டி முடிக்கும் நாளில் என் கையைவிட்டு மொத்தம் எவ்வளவு போயிருக்கும்? தொண்டி முதல் சாயல்குடி வரை இந்தக் கரையோரத்தில் வீடு கட்டவோ வாங்கவோ நினைப்பவர்கள் அந்தக் கணக்கைத் தாங்களே போட்டுப் பார்க்கும் வழி இங்கே படிப்படியாக இருக்கிறது. எல்லாக் கணக்குக்கும் ஒரே உதாரணம்: 20 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். உங்கள் வங்கி சொல்லும் வட்டி வேறாக இருந்தால் அந்த எண்ணைப் போட்டுக்கொள்ளுங்கள்.

முதலில் ஒரு நோட்டும் கால்குலேட்டரும்

இந்தக் கடனுக்கு மாதத் தவணை 17,356 ரூபாய். இதில் எவ்வளவு வட்டிக்குப் போகிறது, எவ்வளவு அசலில் கழிகிறது என்று பார்க்க ஒரே ஒரு பெருக்கல் போதும்: நிலுவைத் தொகையை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுக்க வேண்டும். முதல் மாதம் 20,00,000 × 8.5 ÷ 1200 = 14,167. இது வட்டி. தவணையில் மிச்சமுள்ள 3,189 ரூபாய்தான் அசலில் கழிகிறது. இப்போது நிலுவை 19,96,811. அடுத்த மாதம் இந்தத் தொகையைப் பெருக்கினால் வட்டி 14,144, அசல் 3,212. இப்படிப் பன்னிரண்டு வரி எழுதிப் பாருங்கள். முதல் வருடம் கட்டிய 2,08,277 ரூபாயில் சுமார் 1,68,500 வட்டியாகப் போயிருக்கும். கடன் குறைந்தது 40,000-க்கும் சற்றுக் குறைவு.

ஐந்து வருடம் தவறாமல் கட்டினால் 10.41 லட்சம் கட்டியிருப்பீர்கள், ஆனால் நிலுவை 17.62 லட்சம் இருக்கும். பத்தாவது வருடம் முடியும்போது காலம் பாதி போயிருக்கும், கடன் இன்னும் 14 லட்சம் நிற்கும். தவணையில் அசலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவதே ஏறக்குறைய பன்னிரண்டாம் வருடத்தில்தான். "இத்தனை வருசம் கட்டியும் கடன் குறையவே இல்லையே" என்று பலர் வங்கியில் சண்டை போடுவது இதனால்தான். அது ஏமாற்று இல்லை. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாக இருக்கும், அவ்வளவே. ஆனால் இதை ஒருமுறை புரிந்துகொண்டால், பணத்தை எப்போது எங்கே போட வேண்டும் என்பதும் சேர்ந்தே புரிந்துவிடும்.

வருடத்தை நீட்டினால் என்ன ஆகும்

அதே 20 லட்சம், அதே 8.5 சதவீதம். காலம் மட்டும் மாறுகிறது.

15 வருடம்: தவணை 19,695. மொத்த வட்டி 15.45 லட்சம்.
20 வருடம்: தவணை 17,356. மொத்த வட்டி 21.66 லட்சம்.
25 வருடம்: தவணை 16,105. மொத்த வட்டி 28.31 லட்சம்.
30 வருடம்: தவணை 15,378. மொத்த வட்டி 35.36 லட்சம்.

இருபதிலிருந்து முப்பதுக்குப் போனால் மாதம் 1,978 ரூபாய் குறைகிறது. அதற்குக் கொடுக்கும் விலை 13.7 லட்சம் கூடுதல் வட்டி. இருபதிலிருந்து பதினைந்துக்கு இறங்கினால் மாதம் 2,339 ரூபாய் கூடும், 6.2 லட்சம் மிச்சம். மாதச் சம்பளக்காரர் என்றால் தாங்க முடிந்த வரை குறுகிய காலம் வாங்குங்கள். ஆனால் வருமானம் ஏறி இறங்கும் குடும்பம், அதாவது படகு, கருவாடு, ஐஸ் கம்பெனி, சுற்றுலா வண்டி, லாட்ஜ் இவற்றை நம்பியிருப்பவர்கள், 20 வருடத்துக்கு வாங்கிக்கொண்டு கையில் பணம் வரும்போது கூடுதலாகக் கட்டுவதே பாதுகாப்பு. குறைந்த தவணை கட்டாயம், கூடுதல் உங்கள் விருப்பம் என்று ஆகிவிடும்.

ஒன்றைக் கவனியுங்கள்: 'ஃபிளாட் வட்டி' என்று யாராவது சொன்னால் அது மேலே சொன்ன குறையும் நிலுவைக் கணக்கு இல்லை. ஐந்து வருடத்துக்கு 8 சதவீதம் ஃபிளாட் என்பது உண்மையில் 14 சதவீதத்துக்குச் சமம். கடைசி வரை முதல் நாள் அசலுக்கே வட்டி போடுவார்கள். காம்பவுண்டு சுவருக்கும் மரவேலைக்கும் பணம் பற்றாமல் கடைசி நேரத்தில் இப்படிக் கடன் வாங்குபவர்கள் அதிகம்.

மாறும் வட்டி, மாறும் காலம்

2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது திருத்தப்பட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி விதி. வீட்டு நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவர்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கிறார்கள். அதனால் நாட்டில் வட்டி குறையும்போது வங்கிக் கடனில் சீக்கிரம் குறையும், நிறுவனக் கடனில் தாமதமாகலாம்.

2022 மே மாதத்துக்கு முன் ரெப்போ 4 சதவீதம். 2023 பிப்ரவரியில் 6.5. ஒன்பது மாதத்தில் இரண்டரை புள்ளி ஏற்றம். பிறகு 2025 பிப்ரவரியிலிருந்து இறங்கி ஜூனில் 5.5-க்கு வந்தது. இருபது வருடக் கடனில் இப்படி ஏற்றமும் இறக்கமும் பலமுறை வரும் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

வட்டி ஏறினால் பல இடங்களில் தவணையை அப்படியே வைத்துக் காலத்தை நீட்டிவிடுவார்கள். மாதம் கட்டும் தொகை மாறாததால் வீட்டில் யாருக்கும் தெரியாது. நமது உதாரணத்தில் ஆரம்பத்திலேயே 8.5 என்பது 9.5 ஆகித் தவணை 17,356-லேயே நின்றால், 240 மாதக் கடன் 309 மாதம் ஆகிறது. ஐந்தே முக்கால் வருடம் கூடுதல், சுமார் 11.9 லட்சம் அதிகம். இன்னொரு புள்ளி ஏறி 10.5 ஆனால் முதல் மாத வட்டியே 17,500. தவணை வட்டிக்குக்கூடப் போதாது, கடன் வளர ஆரம்பிக்கும். இப்படி நடக்க விடக் கூடாது என்றுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி விதி போட்டது: வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு அறிக்கையும் தர வேண்டும். அந்த அறிக்கையில் முதலில் பார்க்க வேண்டிய இடம் 'மீதமுள்ள தவணைகள்' என்ற எண். போன அறிக்கையில் 212, இப்போது 231 என்றிருந்தால் அன்றே எழுதிக் கொடுத்துத் தவணையை உயர்த்திக்கொள்ளுங்கள். நூற்றுக்கணக்கில் கூடும் தவணை லட்சக்கணக்கில் மிச்சப்படுத்தும்.

பழைய கடன்காரர்களுக்கு ஒரு வார்த்தை: புதிதாக வருபவருக்கு உங்களைவிடக் குறைந்த வட்டி தருகிறார்கள் என்றால், அதே வங்கியில் சிறு கட்டணம் கட்டி வட்டியை மாற்றித்தரக் கேளுங்கள். 15 லட்சம் நிலுவை, 15 வருடம் மீதி, 9.5-லிருந்து 8.5-க்கு மாறினால் மாதம் 892 ரூபாய், மொத்தம் 1.6 லட்சம் மிச்சம். வேறு வங்கிக்கு மாற்றுவதென்றால் சட்டக் கருத்து, மதிப்பீடு, அடமானப் பதிவு எல்லாம் மறுபடி செலவு. அவற்றைக் கழித்துப் பார்த்த பிறகே முடிவெடுக்க வேண்டும்.

கடனுக்கு முன்னால் போகும் பணம்

30 லட்சம் வரையுள்ள கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரைதான் வங்கி தரலாம். 30-லிருந்து 75 லட்சம் வரை 80 சதவீதம். அதற்கு மேல் 75. வங்கி சொல்லும் மதிப்பு நீங்கள் பேசிய விலையைவிடக் குறைவாகவும் இருக்கும், அப்போது கைப்பணம் இன்னும் கூடும். இதற்காக வீட்டு நகையை அடகு வைக்கிறார்கள். அந்த நகைக்கடன் வட்டியும் வீட்டின் விலைதான். உங்கள் நோட்டில் தனிப் பக்கம் போட்டு எழுதுங்கள்.

பத்திரச் செலவு: தமிழ்நாட்டில் கிரயத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 8 லட்ச ரூபாய் மனைக்கு 72,000. 2025 ஏப்ரல் 1 முதல் 10 லட்சம் வரை மதிப்புள்ள சொத்தைப் பெண் பெயரில் பதிந்தால் பதிவுக் கட்டணத்தில் ஒரு சதவீதம் குறைகிறது. அதே மனைக்கு 64,000 ஆகும். மனைவி பெயரில் மனை வாங்கினால் கடனிலும் அவர் சேர்ந்தாக வேண்டும். பிறகு வங்கியின் ப்ராசஸிங் கட்டணமும் அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும், வக்கீல் கருத்துக் கட்டணம், எஞ்சினியர் மதிப்பீடு, வில்லங்கச் சான்று. அதோடு அடமான ஒப்படைப்புப் பதிவு. நம் பக்கம் 'எம்.ஓ.டி. போடுறது' என்பார்கள். கடன் தொகையில் அரை சதவீதம் முத்திரை, 20 லட்சத்துக்கு 10,000 ரூபாய்; பதிவுக் கட்டணம் தனி.

பத்திரச் செலவு நீங்கலாக, ப்ராசஸிங் கட்டணம் முதல் எம்.ஓ.டி. வரை சேர்ந்து 40,000 ஆகிறது என்று வையுங்கள். உங்களுக்குக் கிடைத்தது 19.6 லட்சம், வட்டி கட்டுவதோ 20 லட்சத்துக்கு. உண்மையான வட்டி 8.5 இல்லை, ஏறக்குறைய 8.8. இந்த எண்ணை வங்கியே கணக்கிட்டுத் தர வேண்டும். 2024 அக்டோபர் 1 முதல் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும் 'முக்கிய விவர அறிக்கை' என்ற தாளைக் கடன் வாங்குபவருக்குப் புரியும் மொழியில் கொடுப்பது கட்டாயம். அதில் எல்லாக் கட்டணமும் சேர்ந்த வருடாந்திர விகிதம், தவணை அட்டவணை இரண்டும் இருக்கும். தமிழில் கேளுங்கள். கையெழுத்துப் போட மூன்று வேலை நாளாவது அவகாசம் உண்டு. வீட்டுக்குக் கொண்டுபோய்ப் படியுங்கள். அந்தத் தாளில் இல்லாத கட்டணத்தை உங்கள் சம்மதம் இல்லாமல் பிறகு கேட்க முடியாது. இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த விகிதத்தை ஒப்பிடுங்கள்.

கரையோரத்தில் மனை வாங்குபவர்கள் முன்பணம் கொடுப்பதற்கு முன்பே இரண்டு விஷயத்தைப் பார்த்தாக வேண்டும். ஒன்று, மனைப்பிரிவுக்கு அங்கீகாரம் உண்டா. இல்லையென்றால் வங்கி கைவிரிக்கும். அதிக வட்டிக்கு வேறு இடம் போக வேண்டிவரும். 20 லட்சம் 12 சதவீதத்தில் கிடைத்தால் தவணை 22,022. இருபது வருடத்தில் 8.5-ஐவிட 11.2 லட்சம் கூடுதல். செண்டுக்குச் சில ஆயிரம் குறைவு என்று அங்கீகாரமில்லாத மனையை வாங்குபவர் இந்தத் தொகையை நிலத்தின் விலையோடு கூட்டிப் பார்க்க வேண்டும். இரண்டாவது, கடலின் உயர் அலைக் கோட்டிலிருந்து 500 மீட்டருக்குள் இருந்தால் கடற்கரை ஒழுங்குமுறை மண்டல விதிகள் பாயும். பாம்பன், மண்டபம், தேவிபட்டினம், ஏர்வாடி பக்கம் பல மனைகள் இந்த எல்லையில் வருபவை. வங்கியின் வக்கீல் அனுமதி கேட்பார், இல்லையென்றால் கோப்பு திரும்பிவிடும், கொடுத்த முன்பணம் தகராறாகும். பட்டா யார் பெயரில், தாய்ப்பத்திரம் தொடர்ச்சியாக இருக்கிறதா, நிலம் கோயிலுக்கோ வக்ஃபுக்கோ பாத்தியப்பட்டதா என்பதையும் சொந்தமாக ஒரு வக்கீலை வைத்துப் பாருங்கள். வங்கி வக்கீல் பார்ப்பது வங்கியின் பாதுகாப்புக்கு.

கட்டும்போது ஓடும் வட்டி

கட்டுமானக் கடனை மொத்தமாகத் தர மாட்டார்கள். பேஸ்மட்டம், லிண்டல், தளம், பூச்சு என்று வேலை ஏற ஏற விடுவிப்பார்கள். வேலை முடியும் வரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் கட்டலாம். அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. ஐந்தைந்து லட்சமாக மூன்று மாத இடைவெளியில் நான்கு முறை வாங்கினால் ஒரு வருடத்தில் இந்த வட்டி மட்டும் 1,06,250 ரூபாய். வேலை ஆறு மாதம் இழுத்தால், முழுத் தொகையும் வாங்கிய பிறகு மாதம் 14,167 வீதம் இன்னும் 85,000 போகும். அதனால் மேஸ்திரியோடு பேசும்போது கூலியைப் போலவே காலக்கெடுவையும் எழுதி வாங்குங்கள். தளம் போடும் வேலையை ஐப்பசி கார்த்திகை மழைக்குள் தள்ளாதீர்கள். தேவைக்கு முன்பே கடனின் அடுத்த பகுதியை வாங்கிச் சேமிப்புக் கணக்கில் போட்டு வைப்பதும் நஷ்டம். பணம் உங்கள் கைக்கு வந்த நாளிலிருந்துதான் வட்டி ஓட வேண்டும். கடன் அனுமதித்த தேதியிலிருந்து போட்டிருந்தால் எழுத்தில் கேட்டுத் திருத்துங்கள்.

தடைக்காலமும் தவணையும்

இது கரைக்கே உரிய பிரச்சினை. கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போக முடியாது. படகுக்காரர் மட்டுமல்ல, ஐஸ் ஏற்றுபவர், மீன் வண்டி ஓட்டுபவர், ஏலக் கூடத்தில் நிற்பவர் எல்லோருக்கும் வரவு அடங்கும். வடகிழக்குப் பருவமழையில் கடலுக்குப் போக வேண்டாம் என்று சொல்லும் நாட்களும் உண்டு. வங்கியின் கணினிக்கு இது எதுவும் தெரியாது. ஐந்தாம் தேதி வந்தால் தவணையை எடுக்கும்.

கணக்கில் பணம் இல்லாமல் தவணை திரும்பினால் கடன் கணக்கிலும் சேமிப்புக் கணக்கிலும் கட்டணம் விழும். கெட்டது அதற்குப் பிறகு. பாக்கி 90 நாளைத் தாண்டினால் கடன் வராக்கடன் ஆகிறது. மே 5 தவணை தவறினால் ஆகஸ்டு முதல் வாரத்துக்குள் அது தீர்ந்திருக்க வேண்டும். ஜூன் மத்தியில் படகு இறங்கினாலும் டீசல், வலை, எஞ்சின் வேலை என்று முதல் வருமானம் அங்கேதான் போகும். ஜூலை சுமாராக இருந்துவிட்டால் 90 நாள் சீக்கிரம் வந்துவிடும். வராக்கடன் ஆன பிறகு ஒரு தவணை கட்டினால் கணக்கு சரியாகாது, மொத்த பாக்கியையும் கட்ட வேண்டும். கட்டாவிட்டால், அடமானச் சொத்தை வங்கி எடுத்துக்கொள்ள வழிசெய்யும் சர்ஃபேசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் வரும். அதோடு அடுத்த கடனுக்கான சிபில் மதிப்பெண்ணும் விழும்.

இதற்கு வழி எளிது, ஆனால் முன்கூட்டியே செய்ய வேண்டும். நான்கு தவணைத் தொகையைத் தனிக் கணக்கில் வையுங்கள். நம் உதாரணத்தில் 69,424. ஆகஸ்டு முதல் மார்ச் வரை எட்டு மாதத்தில் மாதம் 8,700 ரூபாய் ஒதுக்கினால் ஏப்ரலில் அது நிறைந்திருக்கும். வீடு வாங்கும் முன் ஒரு வருடம் இதை ஒத்திகையாகச் செய்து பாருங்கள்: தவணையையும் இந்த ஒதுக்கீட்டையும் சேர்த்து மாதம் 26,000 உங்களால் எடுத்து வைக்க முடிகிறதா? முடியவில்லையென்றால் 20 லட்சம் உங்களுக்குப் பெரிய கடன். 15 லட்சத்துக்கான வீட்டைத் திட்டமிடுங்கள். மாடியைப் பிறகு கட்டிக்கொள்ளலாம். கீழக்கரை, பெரியபட்டினம் பக்கம் சபர் (வெளிநாட்டு வேலைக்கு) போனவர்கள் அனுப்பும் பணத்தில் தவணை கட்டும் குடும்பங்களுக்கும் இதே கணக்குத்தான். வேலை ஒப்பந்தம் முடிந்து ஊர் திரும்பி அடுத்த விசா வரும் வரையான இடைவெளியே அவர்களின் தடைக்காலம். அவர்கள் ஆறு தவணை வைத்திருப்பது நல்லது.

தாமதமாகும் என்று தெரிந்தால் தவறுவதற்கு முன்பே வங்கி மேலாளரிடம் எழுத்தில் சொல்லுங்கள். தாமதத்துக்கு அபராத வட்டி என்று வட்டி விகிதத்தின் மேல் ஏற்றுவதை ரிசர்வ் வங்கி நிறுத்திவிட்டது. 2024 முதல் நியாயமான அபராதக் கட்டணம் மட்டுமே வசூலிக்கலாம், அதை அசலில் சேர்த்து அதற்கு வட்டி போடக் கூடாது.

முன்கூட்டிக் கட்டுவதன் பலன்

நான்கு தவணை ஒதுக்கீடு நிறைந்த பிறகு கையில் வரும் கூடுதல் பணம், சீட்டு முடிந்த தொகை, இறால் நன்றாகப் பட்ட வருடத்தின் மிச்சம், போனஸ் எதுவானாலும் அதற்குச் சிறந்த இடம் கடன் கணக்கின் அசல். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது.

எப்போது கட்டுகிறீர்கள் என்பதுதான் முக்கியம். முதல் வருட முடிவில் ஒரு லட்சம் கட்டினால், தவணையை மாற்றாமல் வைத்தால், கடைசியில் 26 தவணை குறைகிறது. வட்டியில் சுமார் 3.5 லட்சம் மிச்சம். அதே ஒரு லட்சத்தைப் பன்னிரண்டாம் வருட முடிவில் கட்டினால் 11 தவணைதான் குறையும், மிச்சம் சுமார் 90,000. மகள் கல்யாணத்துக்கு இன்னும் பதினைந்து வருடம் இருக்கும்போது கையில் இருக்கும் பணத்தைக் குறைந்த வட்டி வைப்பில் தூங்க விடுவதைவிட, ஆரம்ப ஐந்து வருடத்தில் அசலில் போட்டுவிட்டு, கடன் சீக்கிரம் முடிந்ததும் அந்தத் தவணைப் பணத்தைச் சேர்ப்பது மேல். பெரிய தொகை வராது என்பவர்கள் வருடத்துக்கு ஒரே ஒரு கூடுதல் தவணை கட்டட்டும்; இருபது வருடக் கடன் மூன்று வருடத்துக்கு மேல் முன்னதாக முடியும்.

இங்கே தவறு நடப்பது ஒரே இடத்தில். பணத்தைக் கட்டிவிட்டுச் சும்மா வந்தால், சில இடங்களில் அதை வரப்போகும் தவணைகளுக்கான முன்பணமாக வைத்துக்கொள்வார்கள். சில இடங்களில் காலத்தை அப்படியே விட்டுத் தவணையைக் குறைப்பார்கள். இரண்டிலும் வட்டி மிச்சம் குறைவு. "அசலில் வரவு வைக்கவும், தவணைத் தொகையை மாற்றாமல் காலத்தைக் குறைக்கவும்" என்று தமிழிலேயே எழுதி, நகலில் முத்திரை வாங்குங்கள். ஒரு வாரம் கழித்துப் புதிய தவணை அட்டவணையை எடுத்துப் பார்த்து, நிலுவை குறைந்திருப்பதையும் கடைசித் தவணைத் தேதி முன்னே வந்திருப்பதையும் உறுதி செய்யுங்கள்.

கடனோடு ஒட்டி வரும் காப்பீடு

கடன் வாங்குபவர் இறந்தால் கடனைத் தீர்க்கும் ஆயுள் காப்பீடு நல்லதுதான். கடலுக்குப் போகும் வீட்டில் கட்டாயம் வேண்டும். ஆனால் ஒரே தடவை பிரீமியமாக 60,000 ரூபாயைக் கடனில் சேர்த்தால் மாதம் 521 ரூபாய் கூடி, இருபது வருடத்தில் 1.25 லட்சம் ஆகிறது. வங்கி காட்டும் நிறுவனத்தில்தான் எடுக்க வேண்டும் என்று சட்டம் இல்லை. தனியாக டெர்ம் பாலிசி எடுத்து வருடா வருடம் கட்டினால் வட்டிக்கு வட்டி போகாது. கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் பாலிசி உங்களோடு இருக்கும். படிவத்தில் தொழிலை உள்ளபடி எழுதுங்கள். மறைத்தால் குடும்பத்துக்குப் பணம் கிடைக்காமல் போகலாம்.

வீட்டுக்கான காப்பீடு வேறு. 'பாரத் கிருஹ ரக்ஷா' என்ற பொதுப் பாலிசி 2021 ஏப்ரலிலிருந்து எல்லாப் பொதுக் காப்பீட்டு நிறுவனங்களிலும் உண்டு. தீ மட்டுமல்ல, புயல், வெள்ளம், நிலநடுக்கமும் அதில் அடங்கும். 1964 டிசம்பரில் தனுஷ்கோடியைக் கடல் கொண்ட கரை இது. நிலத்தின் விலையைச் சேர்க்காமல், மறுபடி கட்ட ஆகும் செலவுக்குப் பாலிசி எடுங்கள்.

உப்புக் காற்றின் பங்கு

வட்டிக் கணக்கில் வராத, ஆனால் இந்தக் கரையில் நிச்சயம் வரும் செலவு கம்பித் துரு. காற்றிலும் தண்ணீரிலும் உள்ள குளோரைடு காங்கிரீட்டுக்குள் இறங்கிக் கம்பியைத் துருப்பிடிக்க வைக்கிறது. துரு ஏறிய கம்பி பருத்துக் காங்கிரீட்டை உள்ளிருந்து வெடிக்க வைக்கும். தளத்தின் அடிப்பூச்சு பெயர்ந்து விழுவது அதன் கடைசிக் கட்டம். கடன் பாதி முடியாத நிலையில் இந்த வேலை வந்தால் இருக்கும் கடன்மேல் மறுபடி டாப்-அப் கடன், மறுபடி வட்டி.

இதைக் கட்டும்போதே தடுப்பது மலிவு. கடற்கரைச் சூழலுக்கு இந்தியத் தர விதி ஐ.எஸ். 456 சொல்வது எம்.30 காங்கிரீட், கம்பிக்கு வெளியே 45 மில்லிமீட்டர் கவர். ஊரில் பழக்கமாக வைக்கும் 20, 25 மில்லிமீட்டர் கவர் பிளாக் இங்கே போதாது. மேஸ்திரியிடம் முன்பே சொல்லி வாங்கி வையுங்கள். கலக்கும் தண்ணீரில் குளோரைடு லிட்டருக்கு 500 மில்லிகிராமைத் தாண்டக் கூடாது. ராமேஸ்வரம் தீவிலும் மண்டபம் பக்கமும் பல கிணறுகள் உப்பு. தண்ணீரைச் சோதித்துவிட்டு, தேவையானால் நல்ல தண்ணீர் வண்டி பிடியுங்கள். காங்கிரீட்டை நனைத்து ஆற்றும் (க்யூரிங்) தண்ணீருக்கும் இதே விதி. கடல் மணல் கூடவே கூடாது. இதனால் கூடும் செலவைக் கடன் திட்டத்திலேயே சேர்த்துக் கேளுங்கள். அதன் பிறகும் மாதம் ஆயிரம், ஆயிரத்து ஐந்நூறு என்று பராமரிப்புக்கு ஒதுக்குங்கள்.

வரிச்சலுகையும் மானியமும்

வரிச்சலுகையை நம்பிப் பெரிய கடன் வாங்காதீர்கள். சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு பழைய வரி முறையில்தான். புதிய முறையில் இல்லை. வருமான வரியே கட்டாத குடும்பத்துக்கு இதில் ஒன்றும் கிடையாது.

நகர்ப்புறங்களில் பிரதமர் வீட்டு வசதித் திட்டம் 2.0-வில் வட்டி மானியம் உண்டு: வருட வருமானம் 9 லட்சத்துக்குள், வீட்டு மதிப்பு 35 லட்சத்துக்குள், கடன் 25 லட்சத்துக்குள். முதல் 8 லட்சத்துக்கு 4 சதவீதம், அதிகபட்சம் 1.80 லட்சம், ஐந்து வருடத் தவணையாகக் கடன் கணக்குக்கே வரும். ராமநாதபுரம், ராமேஸ்வரம், கீழக்கரை நகராட்சிகளில் வீடு வாங்குபவர்கள் கடன் விண்ணப்பத்தின்போதே கேட்க வேண்டும். வரும் மானியத்தைத் தவணை குறைக்கப் பயன்படுத்தாமல் காலம் குறைக்கச் சொல்லுங்கள்.

கடன் முடியும் நாளில்

கடைசித் தவணை கட்டியதும் வேலை முடிவதில்லை. நிலுவை இல்லை என்ற சான்றை வாங்குங்கள். 2023 டிசம்பர் 1 முதல், கடன் முழுவதும் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும்; தன் தவறால் தாமதித்தால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். அதனால் கடன் வாங்கும் நாளிலேயே, ஒப்படைத்த ஒவ்வொரு பத்திரத்தின் எண், வருடம், பக்க எண்ணிக்கையோடு பட்டியல் எழுதி வங்கி முத்திரை வாங்கி வைக்க வேண்டும். இருபது வருடம் கழித்து எது கொடுத்தோம் என்று யாருக்கும் நினைவிருக்காது. புகாருக்கு வங்கி 30 நாளில் பதில் தராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் (ஒம்புட்ஸ்மேன்) போகலாம். உதவி எண் 14448.

அடுத்து சார்பதிவாளர் அலுவலகம். எம்.ஓ.டி. பதிந்த அதே அலுவலகத்தில் வங்கி அதிகாரி ரசீது ஆவணம் பதிந்து தர வேண்டும். இதைப் பலர் விட்டுவிடுகிறார்கள். பத்து வருடம் கழித்து வீட்டை விற்கவோ பிள்ளைகளுக்கு எழுதி வைக்கவோ போகும்போது வில்லங்கத்தில் பழைய கடன் அப்படியே நிற்கும், அந்த வங்கிக் கிளையே வேறு பெயரில் மாறியிருக்கும். ரசீது பதிந்து ஒரு வாரம் கழித்து புதிய வில்லங்கச் சான்று எடுத்து அந்தப் பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். பத்திரங்களைக் காற்றுப் புகாத உறையில் போட்டு, கடலோர ஈரம் ஏறாத உயரத்தில் வையுங்கள்.